தொப்பிக்குக் கீழே இருந்தவர்: பாப் சிம்மன்ஸ், ஒரு நிகழ்வு ஆய்வு

1962 அக்டோபர் 5 அன்று லண்டன் பெவிலியன் அரங்கில் ‘டாக்டர் நோ’ திரையிடப்பட்டது. சூதாட்ட மேசையில் ஷான் கானரி சிகரெட்டைப் பற்றவைத்துக்கொண்டு தன் பெயரைச் சொல்லும் காட்சி வருவதற்கு முன்பே அரங்கில் இருந்தவர்கள் ஜேம்ஸ் பாண்டைப் பார்த்துவிட்டார்கள். வெள்ளைப் புள்ளிகள் திரையின் குறுக்கே ஓடுகின்றன. கடைசிப் புள்ளி விரிந்து துப்பாக்கிக் குழலின் உட்புறமாகிறது. அதற்குள் தொப்பியும் கோட்டும் அணிந்த ஒருவர் வலமிருந்து இடமாக நடந்து வருகிறார், சட்டென்று திரும்புகிறார், சுடுகிறார். திரை மேலிருந்து கீழாகச் சிவக்கிறது.

அந்தத் தொப்பிக்காரர் கானரி இல்லை. அவர் பெயர் பாப் சிம்மன்ஸ். படத்தின் ஸ்டண்ட் வேலைகளைப் பார்த்துக்கொண்டவர். 1954இல் அமெரிக்கத் தொலைக்காட்சி நாடகம் ஒன்றில் பேரி நெல்சன் பாண்டாக நடித்திருந்தார். அதை ஒதுக்கிவிட்டு இந்தத் திரைப்பட வரிசையை மட்டும் எடுத்துக்கொண்டால், திரையில் பாண்டாகத் தோன்றிய முதல் உருவம் சிம்மன்ஸுடையதுதான். படத்தில் அதற்காக அவர் பெயர் எங்கும் போடப்படவில்லை.

இதைச் சினிமா வினாடி வினாவுக்கான துணுக்காகப் பலரும் சொல்வதுண்டு. எனக்கு இதில் வேறொரு கேள்வி இருக்கிறது. பிரிட்டிஷ் சினிமாவில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் உழைத்த ஒருவரைத் திரைப்படத் தரவுத்தளங்கள் ‘நடிகர்’ என்றும் ‘ஸ்டண்ட்’ என்றும் இரண்டு பட்டியல்களில் பிரித்து வைத்திருக்கின்றன. நடிகர் பட்டியலை மட்டும் பார்த்தால் அடியாள், கொலையாளி, காவலாளி என்று வந்துபோகும் சில்லறை வேடக்காரர். இரண்டையும் சேர்த்துப் படித்தால் கதை முற்றிலும் வேறு.

குழலுக்குள் வந்தது எப்படி

துப்பாக்கிக் குழல் காட்சியை வடிவமைத்தவர் மோரிஸ் பைண்டர். நிஜமான .38 துப்பாக்கியின் குழல் வழியாகவே படம்பிடிக்க வேண்டும் என்பது அவர் எண்ணம். சாதாரண லென்ஸில் குழலின் உட்புறம் முழுவதும் ஒரே சமயத்தில் துல்லியமாகத் தெரியவில்லை. அதனால் ஊசித்துளைக் கேமரா ஒன்றைச் செய்து அதைத் தீர்த்தார். குழலுக்கு எதிரே நடப்பவர் யாராக இருந்தாலும் அன்றைக்கு யாருக்கும் அக்கறை இருந்திருக்காது. தொப்பி இருக்கிறது, உருவம் சிறியது, முகம் தெரியாது. சிம்மன்ஸ் நடந்தார். திரும்பும்போது லேசாகத் துள்ளுகிறார். பிற்பாடு வந்த நடிகர்கள் செய்த நேர்த்தியான திருப்பங்களோடு ஒப்பிட்டால் அந்தத் துள்ளல் கொஞ்சம் அவசரமாகவே தெரியும். ஆனால் உடம்பால் பிழைக்கிறவனின் திருப்பம் அது.

அடுத்த இரண்டு படங்களான ‘ஃப்ரம் ரஷ்யா வித் லவ்’ (1963), ‘கோல்ட்ஃபிங்கர்’ (1964) ஆகியவற்றிலும் அதே துண்டைத்தான் திரும்பப் பயன்படுத்தினார்கள். ஒரு வேடிக்கை: 1963 படத்தின் சண்டைகளை அமைத்தவர் பீட்டர் பெர்கின்ஸ். ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் ரயில் பெட்டிக்குள் கானரியும் ராபர்ட் ஷாவும் மோதும் புகழ்பெற்ற சண்டை அந்தப் படத்தில்தான் வருகிறது. சிம்மன்ஸ் சண்டை அமைக்காத படத்திலும் முதலில் திரைக்கு வருபவர் சிம்மன்ஸ்.

பாண்டுக்கு முந்தைய பத்து ஆண்டுகள்

லண்டனின் ஃபுலம் பகுதியில் 1920களின் தொடக்கத்தில் பிறந்தவர். ராணுவத்தில் உடற்பயிற்சி ஆசிரியராக இருந்தார். சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவக் கல்லூரியில் பயிற்சி அளித்தவர். நடிகராக வேண்டும் என்றுதான் சினிமாவுக்கு வந்தார். ஸ்டண்ட் வேலை அதைவிடச் சுவாரஸ்யமாகப் பட்டதால் அந்தப் பக்கம் போனார். இந்த வரிசைதான் முக்கியம். நடிக்க வந்து, விழவும் எழவும் கற்றுக்கொடுக்கத் தெரிந்த ஒருவர், அடிவாங்கும் வேலையைத் தானே தேர்ந்தெடுத்திருக்கிறார்.

அப்படித் தேர்ந்தெடுப்பதற்கு அன்றைய பிரிட்டனில் ஒரு பொருளாதாரக் காரணமும் இருந்தது. ஈடி தீர்வை என்று ஒரு திட்டம். சினிமா டிக்கெட் ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு சிறு தொகையை எடுத்து, பிரிட்டிஷ் படம் என்ற தகுதி பெற்ற படங்களுக்கு அவற்றின் வசூலுக்கு ஏற்பப் பகிர்ந்து கொடுப்பார்கள். 1950இல் விருப்ப ஏற்பாடாகத் தொடங்கி, 1957இல் கட்டாயமாகி, 1985இல் முடிவுக்கு வந்தது. தகுதி பெற வேண்டுமானால் படப்பிடிப்பும் பணியாளர்களும் பெரும்பாலும் பிரிட்டனையோ காமன்வெல்த்தையோ சேர்ந்திருக்க வேண்டும். அமெரிக்கத் தயாரிப்பாளர்கள் கணக்குப் போட்டுப் பார்த்தார்கள். ஒரு ஹாலிவுட் கதாநாயகனை அழைத்து வந்து, மற்ற எல்லோரையும் லண்டனில் எடுத்துக்கொண்டால் லாபம்.

ஆல்பர்ட் பிராக்கலியும் இர்விங் ஆலனும் தொடங்கிய வார்விக் நிறுவனம் இந்தக் கணக்கில் பிறந்ததுதான். அவர்களுடைய முதல் படம் ‘தி ரெட் பெரே’ (1953). பாராசூட் படைவீரர்கள் கதை, நாயகன் ஆலன் லாட். இயக்கம் டெரன்ஸ் யங். எழுதியவர்களில் ஒருவர் ரிச்சர்ட் மைபாம். கேமராவை இயக்கியவர் டெட் மூர். ஸ்டண்ட் குழுவில் பாப் சிம்மன்ஸ். ஒன்பது ஆண்டுகள் கழித்து ‘டாக்டர் நோ’ தொடங்கியபோது தயாரிப்பில் பிராக்கலி, இயக்கத்தில் யங், எழுத்தில் மைபாம், ஒளிப்பதிவில் மூர், சண்டையில் சிம்மன்ஸ் என்று அதே ஆட்கள் வரிசையாக வந்து நின்றார்கள்.

பாண்ட் படங்களின் வெற்றியைக் கானரியின் கவர்ச்சி, ஜான் பாரியின் இசை, கென் ஆடமின் அரங்கங்கள் என்று பிரித்துப் பேசுவது வழக்கம். எல்லாம் சரிதான். ஆனால் ஒரு குழு பத்தாண்டு காலம் மலிவான சாகசப் படங்களில் கூடவே உழைத்துத் தேர்ந்திருந்தது என்பதை நாம் குறைவாகவே எண்ணுகிறோம். சிம்மன்ஸின் வாழ்க்கை எனக்கு ஓர் ஆதாரமாகப் படுவது அங்கேதான். அவருக்கு வேலை தேடித் தந்தது புகழோ முகமோ இல்லை. முந்தைய படத்தில் கூட இருந்தவர்கள் அடுத்த படத்துக்கும் கூப்பிட்டார்கள். ‘ஷலாகோ’ (1968), ‘தி வைல்டு கீஸ்’ (1978) போன்ற பாண்ட் அல்லாத படங்களும் இந்தப் பழைய வட்டத்திலிருந்து வந்தவையே. அவற்றின் தயாரிப்பாளர் யூவன் லாய்டும் வார்விக் நிறுவனத்தில் இருந்தவர்.

சிலந்தி

‘டாக்டர் நோ’வில் அவர் செய்ததில் பெரிதாகப் பேசப்படுவது படுக்கையில் நடந்த ஒரு விஷயம். தூங்கும் பாண்டின் உடம்பில் டரான்டுலா சிலந்தி ஊர்ந்து ஏறும் காட்சி. கானரிக்கும் சிலந்திக்கும் நடுவே கண்ணாடி வைத்து எடுத்த பகுதிகள் நம்பும்படி இல்லை. நிஜமாகத் தோலில் ஊரும் துண்டுகளுக்குச் சிம்மன்ஸ் படுத்தார். தான் செய்த ஸ்டண்டுகளிலேயே பயங்கரமானது இதுதான் என்று பின்னாளில் அவர் சொன்னார்.

குதிரையிலிருந்தும் மாடியிலிருந்தும் விழுந்து பிழைத்த ஆள் அசையாமல் கிடந்ததைத்தான் பயங்கரம் என்கிறார். யோசித்தால் நியாயம்தான். விழுவதில் எல்லாம் அவர் கையில் இருந்தது. எங்கே கால் வைப்பது, எப்போது உருள்வது என்று முன்கூட்டியே முடிவு செய்யலாம். சிலந்தியிடம் ஒத்திகை செல்லாது.

சண்டை அமைப்பவர் என்ன செய்கிறார்

‘கோல்ட்ஃபிங்கர்’ டைட்டிலில் ‘சண்டைக் காட்சிகள்: பாப் சிம்மன்ஸ்’ என்ற பொருளில் அவர் பெயர் வருகிறது. இந்தப் படத்தில் அமெரிக்க அரசின் தங்கக் கிடங்கான ஃபோர்ட் நாக்ஸுக்குள் நடக்கும் சண்டையைத் தனியாக எடுத்துப் பார்க்கலாம். அவருடைய தொழில் என்ன என்பதற்கு இதைவிட நல்ல சான்று கிடையாது.

எதிராளி வில்லனின் அடியாள் ஆட்ஜாப். நடித்தவர் ஹெரால்டு சகாட்டா. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் பளுதூக்குதலில் வெள்ளிப் பதக்கம் வாங்கியவர், பிறகு தொழில்முறை மல்யுத்த வீரர். படத்தில் அவருக்கு வசனமே கிடையாது எனலாம். கோல்ஃப் பந்தைக் கையால் நசுக்குவதையும், எஃகு விளிம்பு வைத்த தொப்பியை வீசிச் சிலையின் தலையைத் துண்டிப்பதையும் முன்பே காட்டிவிட்டார்கள். எனவே சண்டை தொடங்கும்போதே பாண்டால் இவனை அடித்து வீழ்த்த முடியாது என்று நமக்குத் தெரியும்.

சிம்மன்ஸ் அந்த உண்மையை மதித்துச் சண்டையை அமைத்தார். பாண்ட் தங்கக் கட்டியை எறிகிறான். அது ஆட்ஜாபின் மார்பில் பட்டுத் தெறிக்கிறது, அவன் சிரிக்கிறான். கட்டையால் அடித்தும் பயனில்லை. பாண்டைத் தூக்கித் தூக்கி எறிகிறான். ஒவ்வோர் அடியும் பாண்டிடம் இருக்கும் வழிகளில் ஒன்றைக் குறைக்கிறது. நடுவில் ஆட்ஜாப் வீசிய தொப்பி குறி தவறி மின்கம்பியை வெட்டிவிடுகிறது. கொஞ்ச நேரம் கழித்து அந்தத் தொப்பியே கம்பித் தடுப்பில் மாட்டிக்கொள்ள, அதை எடுக்க ஆட்ஜாப் போகும்போது அறுந்த கம்பியைப் பாண்ட் தடுப்பில் வைக்கிறான். எதிரியின் ஆயுதம் செய்த சேதமே எதிரியைக் கொல்கிறது. பக்கத்தில் வெடிகுண்டின் கடிகாரம் ஓடிக்கொண்டிருக்கிறது. இது திரைக்கதை எழுதுவது போன்ற வேலை. பேனாவுக்குப் பதில் உடம்பு, அவ்வளவுதான். அந்த மின்சாரக் காட்சியில் சகாட்டாவின் கை நிஜமாகவே வெந்துபோனது; இயக்குநர் ‘கட்’ சொல்லும்வரை அவர் தொப்பியை விடவில்லை.

கைக்கலப்பில் இன்னொரு நுட்பமும் உண்டு. குத்து எதிராளியின் முகத்தில் படாது. ஒருவருடைய தோளுக்குப் பின்னால் கேமராவை வைத்தால் முஷ்டிக்கும் தாடைக்கும் நடுவிலுள்ள இடைவெளி மறைந்துவிடும். நம்ப வைப்பது அடிப்பவர் இல்லை. அடி வாங்குபவர் தலையைத் திருப்பும் கணம்தான். இதை நடிகர்களுக்குச் சொல்லிக்கொடுத்து, யாருக்கும் காயமில்லாமல், கேமரா நிற்கும் இடத்துக்கு ஏற்ப அசைவுகளை அடுக்கித் தருவது சண்டை அமைப்பவரின் பொறுப்பு. தொடக்கப் படங்களின் படத்தொகுப்பாளர் பீட்டர் ஹன்ட் இந்தச் சண்டைகளில் ஃபிரேம்களை உருவி எடுத்து வேகத்தைக் கூட்டினார். பாண்ட் சண்டை என்றதும் நமக்கு நினைவுக்கு வரும் அந்த வெடுக்கென்ற தன்மை சிம்மன்ஸின் அசைவும் ஹன்டின் கத்தரியும் சேர்ந்து உண்டாக்கியது. இதில் யார் பங்கு எவ்வளவு என்று யாராலும் பிரித்துச் சொல்ல முடியாது.

‘தண்டர்பால்’: நடிகராக, எதிரியாக

1965இல் வந்த ‘தண்டர்பால்’தான் இந்த வாழ்க்கையின் மையம் என்பேன்.

படம் ஒரு சவப்பெட்டியில் தொடங்குகிறது. மேலே ‘ஜே.பி.’ என்ற முதலெழுத்துகள். பாண்ட் செத்துவிட்டானோ என்று ஒரு கணம் பதற வைத்துவிட்டு, இறந்தவர் பெயர் ஜாக் பூவார் என்று சொல்கிறார்கள். ஸ்பெக்டர் என்ற குற்ற அமைப்பின் ஆள். உண்மையில் பூவாரும் சாகவில்லை. கறுப்பு உடையும் முகத்திரையும் அணிந்து, தன் சவ அடக்கத்துக்குத் தானே விதவையாக வந்திருக்கிறான். அந்த ‘விதவை’ கார்க் கதவைத் தானே திறந்துகொண்டதைக் கவனித்த பாண்ட் பின்தொடர்ந்து போய், அனுதாபம் சொல்வது போல் நெருங்கி, முகத்தில் ஒரு குத்து விடுகிறான். திரை விலகுகிறது. பூவாராக இருப்பவர் பாப் சிம்மன்ஸ்.

பிரான்சின் ஆனே கோட்டையில் எடுத்த காட்சிகளோடு இந்தச் சண்டை சேர்கிறது. அறையிலுள்ள சாமான்கள் நொறுங்குகின்றன. கடைசியில் கணப்படுப்பின் இரும்புக் கம்பியால் பூவாரின் கழுத்தை முறித்துவிட்டு, பாண்ட் பூக்களை அவன்மேல் வீசிவிட்டுப் போகிறான். சிம்மன்ஸ் அமைத்த சண்டையில், சிம்மன்ஸ் பெண்ணுடையில், சிம்மன்ஸ் யாருக்கு டூப்பாக இருந்தாரோ அவர் கையால் சாகிறார்.

இதே படத்தில்தான் துப்பாக்கிக் குழலிலிருந்தும் அவர் போய்விட்டார். காரணம் முழுக்கத் தொழில்நுட்பம். ‘தண்டர்பால்’ பானாவிஷன் அகலத்திரையில் எடுக்கப்பட்டது. பழைய துண்டு அந்த விகிதத்துக்குப் பொருந்தாது. மறுபடி எடுக்க வேண்டியதாயிற்று. இந்த முறை கானரியே நடந்தார். ஆக, ஒரே படத்தின் முதல் சில நிமிடங்களில் கானரி சிம்மன்ஸின் இடத்தை எடுத்துக்கொள்கிறார், பிறகு அதே எழுத்துகளைத் தாங்கிய சவப்பெட்டிக்குரிய சிம்மன்ஸைக் கொல்கிறார். திட்டமிட்டுச் செய்ததாக நான் சொல்லவில்லை. திரையின் அகலம் மாறியதும், பூவார் வேடத்துக்கு நன்றாக அடிவாங்கத் தெரிந்த ஒருவர் தேவைப்பட்டதும் தற்செயலாக ஒரே ஆண்டில் வந்தன. ஆனாலும் அவருடைய நடிப்புப் பட்டியலில் பெயருள்ள ஒரே பாண்ட் பட வில்லன் இவன்தான் என்னும்போது, தற்செயல்களும் சில சமயம் நன்றாகக் கதை எழுதுகின்றன.

எரிமலையும் லிஃப்ட்டும்

‘யூ ஒன்லி லிவ் டுவைஸ்’ (1967) படத்துக்குப் பைன்வுட் ஸ்டுடியோ வளாகத்தில் கென் ஆடம் எழுப்பிய எரிமலை அரங்கத்துக்கு மட்டும் சுமார் 10 லட்சம் டாலர் ஆனது. ‘டாக்டர் நோ’ படத்தின் மொத்தச் செலவே கிட்டத்தட்ட அவ்வளவுதான். மேலிருந்து கயிற்றில் கூட்டம் கூட்டமாக நின்ஜாக்கள் இறங்கும் உச்சக்காட்சிக்கு பிரிட்டனின் ஸ்டண்ட் ஆட்கள் திரண்டு வந்தார்கள். அவர்களில் ஓர் இளைஞர் விக் ஆம்ஸ்ட்ராங். பின்னாளில் இண்டியானா ஜோன்ஸாக ஹாரிசன் ஃபோர்டுக்கு டூப் போட்டவர். 1990களில் பாண்ட் படங்களுக்கே இரண்டாம் யூனிட் இயக்குநராகத் திரும்பி வந்தவர்.

எண்ணிக்கை பெருகினால் சண்டை நன்றாகிவிடும் என்பதில்லை. எரிமலைச் சண்டை கண்ணுக்கு விருந்து, ஆனால் யார் யாரைச் சுடுகிறார்கள் என்பது சீக்கிரமே மறந்துபோகிறது. எனக்குப் பிடித்தது அதற்கு நேர்மாறானது: ‘டயமண்ட்ஸ் ஆர் ஃபாரெவர்’ (1971) படத்தில் ஆம்ஸ்டர்டாம் கட்டடத்தின் குறுகிய லிஃப்ட்டுக்குள் பாண்டும் பீட்டர் ஃபிராங்க்ஸும் மோதுவது. ஃபிராங்க்ஸாக வந்த ஜோ ராபின்சன் மல்யுத்தமும் ஜூடோவும் தெரிந்தவர். கையை ஓங்கக்கூட இடமில்லை. முழங்கை கண்ணாடியை உடைக்கிறது, முதுகு சுவரில் மோதுகிறது, லிஃப்ட் பாட்டுக்கு ஏறி இறங்குகிறது. அந்தப் படத்தின் ஸ்டண்ட் பொறுப்பில் சிம்மன்ஸோடு பால் பாக்ஸ்லியும் இருந்தார்.

ஒரு வேலை பல வேலைகளாகப் பிரிந்தது

1969இல் வந்த பாண்ட் படமான ‘ஆன் ஹர் மெஜஸ்டிஸ் சீக்ரெட் சர்வீஸ்’ சண்டைகளை ஜார்ஜ் லீச் அமைத்தார். 1974இல் வந்த ‘தி மேன் வித் த கோல்டன் கன்’ படத்தில் கார் ஆற்றின்மேல் சுழன்று பாய்ந்ததைக் கணினியில் கணக்கிட்டுச் செய்தார்கள். இரண்டிலும் சிம்மன்ஸ் பொறுப்பில் இல்லை. நடுவில் வந்த ‘லிவ் அண்ட் லெட் டை’ (1973) படத்தின் ஸ்டண்ட் பட்டியலே காலம் மாறியதைச் சொல்லிவிடும். காருக்கு ஜோயி சிட்வுட், படகுப் பாய்ச்சலுக்கு ஜெர்ரி கோமோ, முதலைகளின் முதுகில் ஓட ராஸ் கனங்கா, இவர்களோடு சிம்மன்ஸ்.

‘தி ஸ்பை ஹூ லவ்டு மீ’ (1977) படத்தில் அவர் மீண்டும் சண்டை அமைப்பாளர். ஆனால் அந்தப் படத்தைப் பற்றிப் பேசும் எல்லோரும் பேசுவது, கனடாவின் பாஃபின் தீவில் ஆஸ்கார்ட் மலை விளிம்பிலிருந்து பனிச்சறுக்கிக் குதித்த ரிக் சில்வெஸ்டரைப் பற்றி. ‘மூன்ரேக்கர்’ (1979) என்றால் விமானத்திலிருந்து குதித்த பி.ஜே.வொர்த், ஜேக் லம்பார்டு. ‘ஃபார் யுவர் ஐஸ் ஒன்லி’ (1981) என்றால் கார்களுக்கு ரெமி ஜூலியன், பனிச்சறுக்குக்கு வில்லி போக்னர். ஒவ்வொரு சாகசத்துக்கும் அதில் மட்டும் உலகத் தரத்தில் தேர்ந்த ஒருவர். 1973இல் பிரிட்டனில் ஸ்டண்ட் கலைஞர்களுக்கு முறையான பதிவேடும் வந்துவிட்டது. உடற்பயிற்சி ஆசிரியராக இருந்து எல்லாவற்றையும் தொட்டுத் தொட்டுக் கற்ற தலைமுறைக்கு அதற்கு மேல் இடம் குறுகத்தான் செய்யும்.

சிம்மன்ஸிடம் மிச்சமிருந்தது கைக்கலப்பு. அதில் அவர் கை தளரவில்லை. 1977 படத்தின் ரயில் பெட்டிச் சண்டையில் எதிரி ஜாஸ், 2.18 மீட்டர் உயரமுள்ள ரிச்சர்ட் கீல். அடித்தால் வலிக்காத ராட்சசன், அவனுடைய இரும்புப் பல்லில் உடைந்த விளக்கின் மின்சாரத்தை வைத்துத்தான் பாண்ட் தப்பிக்கிறான். ஆட்ஜாபின் சண்டையை நினைவு வைத்திருப்பவர்களுக்கு ஒரே கையெழுத்து தெரியும். எதிரியின் பலத்தில் இருக்கும் உலோகம், சுற்றுப்புறத்தில் கிடைக்கும் மின்சாரம். இதை நகல் என்று குறை சொல்வோரும் உண்டு. நான் அதை ஒருவரின் பாணி என்றே எடுத்துக்கொள்கிறேன்.

சிறு வேடங்களும் நிற்கவில்லை. 1981 படத்தில் பாண்டின் லோட்டஸ் கார்க் கண்ணாடியை உடைக்கப் போய், கார் வெடித்துச் சிதற, அதோடு போகும் அடியாள் சிம்மன்ஸ்தான். சில விநாடி வேடம். அப்போது அவர் அறுபதை நெருங்கிக்கொண்டிருந்தார்.

இந்த வேடங்களைத்தான் ‘சிறு நடிகர்’ என்ற முத்திரை கணக்கில் எடுத்துக்கொள்கிறது. ஆனால் ஒவ்வொன்றையும் பார்த்தால், முகம் தேவைப்பட்டதால் அவரை நடிக்க வைக்கவில்லை. விழ, வெடிக்க, கழுத்து முறிபட ஓர் உடம்பு தேவைப்பட்டது. அதற்கு ஒரு முகமும் இருந்தது. ஸ்டண்ட் வடிவமைப்புக்கு ஆஸ்கர் தருவதாக அமெரிக்கத் திரைப்பட அகாடமி அறிவித்ததே 2025 ஏப்ரலில்தான். 2027இல் வெளியாகும் படங்களிலிருந்து அது நடைமுறைக்கு வரும். விருதே இல்லாத துறையில் இருந்தவரைக் கணக்கெடுக்க, விருது உள்ள துறையின் அளவுகோலைப் பயன்படுத்தினால் ‘சிறு’ என்ற விடைதான் வரும்.

உதய்ப்பூர், பிறகு

‘ஆக்டோபஸி’ (1983) சென்னைக்காரர்களுக்குக் கொஞ்சம் நெருக்கமான படம். உதய்ப்பூரில் எடுத்த ஆட்டோ ரிக்ஷா துரத்தலில் டென்னிஸ் மட்டையால் அடியாட்களின் முகத்தில் விளாசுபவர் நம் விஜய் அமிர்தராஜ். விம்பிள்டனில் 1973இலும் 1981இலும் கால் இறுதி வரை போனவர், படத்தில் பாண்டின் இந்தியத் துணைவன். அடி விழும்போதெல்லாம் தெருவில் நிற்கும் கூட்டத்தினரின் தலைகள் டென்னிஸ் பார்வையாளர்கள் போல இடமும் வலமும் திரும்பும். நகைச்சுவை கொஞ்சம் மலிவுதான், சிரிப்பும் வரத்தான் செய்கிறது. சண்டை அமைப்பு: பாப் சிம்மன்ஸ்.

அதே படத்தில் பாண்டாக நடித்த ரோஜர் மூருக்கு டூப்பாக இருந்தவர் மார்ட்டின் கிரேஸ். இங்கிலாந்தின் நீன் பள்ளத்தாக்கு ரயில் பாதையில், ஓடும் ரயிலின் பக்கவாட்டில் தொங்கிக்கொண்டு போகும்போது தடத்தை ஒட்டியிருந்த சுவரில் மோதி இடுப்பு நொறுங்கியது. பல மாதங்கள் மருத்துவமனையில் கிடந்தார். சரியாக ஒத்திகை பார்த்த தூரத்தைத் தாண்டி ரயில் போய்விட்டதுதான் பிரச்சினை. சிலந்திக்கு மட்டுமில்லாமல், சில சமயம் ரயிலுக்கும் ஒத்திகை செல்லாது.

அடுத்த பாண்ட் படமான ‘எ வியூ டு எ கில்’ 1985இல் வந்தபோது, குணமாகித் திரும்பியிருந்த மார்ட்டின் கிரேஸ்தான் சண்டைகளை அமைத்தார். ஈடி தீர்வையும் அதே ஆண்டு முடிந்தது. சிம்மன்ஸ் தன் அனுபவங்களை இன்னொருவர் துணையோடு நூலாக எழுதி 1987இல் வெளியிட்டார்.